தறிக்கூட்டம் கொடுத்த பெயர்

என் அடையாள அட்டையில் இருக்கும் பெயர் எனக்கு வைத்த பெயர் இல்லை. அதிலுள்ள பிறந்த தேதியில் நான் பிறக்கவும் இல்லை. பிறப்புச் சான்றிதழில் தாய் என்று எழுதியிருக்கும் பெண் என்னைப் பெற்றவள் இல்லை; எங்கள் லயத்து வரிசை வீடுகளின் கடைசி அறையில், கடைசிக் காம்பராவில், குடியிருந்தவள். இதையெல்லாம் எனக்குச் செய்து கொடுத்தது தறிக்கூட்டம். செய்யச் சொல்லி நான் கேட்கவில்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை.

குருவிட்டைக்கு மேலே ஒரு இறப்பர் தோட்டம் அது. மூன்று லயம், ஒரு மாரியம்மன் கோயில், ஐந்தாம் வகுப்பு வரைக்கும் ஒரு பள்ளிக்கூடம், ஒரு பிள்ளைக்காம்பரா. பால் வெட்டப் போகும் பெண்கள் கைக்குழந்தைகளை விட்டுவிட்டுப் போகும் இடத்துக்குப் பெயர்தான் பிள்ளைக்காம்பரா. பழைய சேலைகளில் கட்டிய தொட்டில்கள் பதினைந்து, இருபது தொங்கும். அவற்றைப் பார்த்துக்கொண்ட ஆயாவுக்கு அப்போது நாற்பது வயது இருக்கலாம். அவள் லயத்தின் இந்த முனையில் தொண்டையைத் திறந்தால் அந்த முனையில் நாய் எழுந்து உட்காரும். அவள்தான் தறிக்கூட்டத்துக்குத் தலைவி.

கூட்டத்தில் மொத்தம் ஏழு பேர். யார் யார் என்று எல்லோருக்கும் தெரியும். தெரியும் என்று ஒருவரும் காட்டிக்கொள்ள மாட்டார்கள். அந்த மட்டில் அது இரகசியம். டவுனில் தையல் கடை வைத்திருந்த முஸ்லிம் நானா ஒருவர். தோட்டத்துக் காவல்காரர் ஒருவர், கீழே கிராமத்துச் சிங்களவர். மற்ற நால்வரும் லயத்து ஆட்கள். அவர்களைப் பற்றி இங்கே சொல்ல வேண்டியதில்லை. பௌர்ணமிப் போயா தினங்களில், வேலையில்லாத நண்பகலில், தொட்டில்கள் காலியாகத் தொங்கும் பிள்ளைக்காம்பராவுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்வார்கள். துப்புரவு நடக்கிறது என்று பேச்சு. அந்த இடம் அப்படியொன்றும் துப்புரவாக இருந்ததாக எனக்கு நினைவில்லை.

உள்ளே ஒரு தறி இருந்தது. தறி என்றதும் பெரிதாக நினைக்க வேண்டாம். கூரைக்கு அடிக்கும் மெல்லிய சட்டங்கள் நாலைச் சேர்த்து ஆணியடித்து, மேலும் கீழுமாக வெள்ளை நூல் கட்டியிருந்தார்கள். ஒரு ஜன்னல் அளவு இருக்கும். ஆயா அதைப் பற்றிச் சொல்வது இவ்வளவுதான்:

“ஒலகம் ஒரு துணி. ஆத்தா உக்காந்து நெய்துகிட்டே இருக்கா. நம்ம ஆளுகள நெய்யிற நேரத்துல அவளுக்கு நூலு பத்தாமப் போச்சு. அங்கங்க ஓட்ட. ஒருத்தனுக்குப் பேரு இல்ல, ஒருத்தனுக்குத் தேதி இல்ல, இன்னொருத்தனுக்கு நாடே இல்ல. அந்த ஓட்டைய நாங்க அடைக்கிறோம். வேற மாயமும் இல்ல, மந்திரமும் இல்ல.”

அடைக்கும் விதம் இப்படி. யாருக்காக நெய்கிறார்களோ அவர் உடுத்திய துணியிலிருந்து ஒரு நூல் உருவிக்கொண்டு வர வேண்டும். நடந்தது என்று ஆக வேண்டிய காரியத்தை ஆயா வாய்விட்டுச் சொல்வாள். ஏழு பேரும் ஆளுக்கு ஒரு தடவை அந்த நூலை வெள்ளை நூலுக்குள் கோத்து இழுப்பார்கள். இழுத்தவர் “பாத்தேன்” என்று சொல்ல வேண்டும். காவல்காரர் மட்டும் “மம தெக்கா” என்பார், ஆத்தாவுக்குச் சிங்களமும் தெரியும் என்று ஆயா அதை ஒப்புக்கொண்டிருந்தாள். ஏழாவது ஆள் சொல்லி முடித்ததும் அது நடந்துவிட்டது. அதற்குப் பிறகு தோட்டத்தில் யாரும் மாற்றிப் பேசக் கூடாது. புருசன் பெண்டாட்டிக்குள்ளேயும் கூடாது. நூல் யாருக்கோ அவர் தறியைப் பார்க்கவே கூடாது. வாசலில் உட்கார்ந்திருக்க வேண்டும்.

நான் இதை நம்பியவள் இல்லை. ஆனால் நடந்ததைச் சொல்லத்தானே வேண்டும். யுத்த காலத்தில் எங்கள் லயத்து ஆள் ஒருவரைச் சந்தேகத்தில் பிடித்துப்போய் ஒன்பது மாதம் வைத்திருந்து விட்டார்கள். வந்த மனிதனை எந்தக் கங்காணியும் வேலைக்கு எடுக்கப் பயந்தான். தறியில் ஒரு நூல் போட்டார்கள்: அவர் அந்த ஒன்பது மாதமும் பலாங்கொடையில் சாப்பாட்டுக் கடை ஒன்றில் வேலை செய்தார். மேனேஜர் துரை கேட்டபோது தோட்டமே அதைச் சொன்னது. இரண்டு வருடம் கழித்து அந்த ஆளே, “பலாங்கொடக் கட சாம்பாரு மாதிரி வராதுங்க” என்று பெருமூச்சு விட்டதை என் காதால் கேட்டேன். சாதி விட்டுச் சாதி ஓடிப்போய்த் திரும்பி வந்த ஒரு ஜோடிக்கு, போன தை மாதம் கோயிலில் கல்யாணம் நடந்ததாக நெய்தார்கள். நடக்காத அந்தக் கல்யாணத்தில் பாயாசம் தீய்ந்துவிட்டது என்று ஒரு கிழவர் சாகும்வரை குறை சொல்லிக்கொண்டிருந்தார். அட, இதற்கு என்ன சொல்வீர்கள்?

இனி என் சங்கதி. அப்பாவும் அம்மாவும் ஓப்பநாயக்கப் பக்கத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து பிழைக்க வந்தவர்கள். நான் அங்கே லயத்தில் பிறந்தவள். என் பிறப்பை யாரும் பதியவில்லை. அப்பா திரும்பிப்போய்த் தோட்டத்துப் பதிவுப் புத்தகத்தைக் கேட்டபோது கறையான் தின்றுவிட்டது என்று காட்டினார்களாம். தின்றதை மெனக்கெட்டு எடுத்துக் காட்டினார்கள் என்பதுதான் அப்பாவுக்கு ஆறவில்லை. ஐந்தாம் வகுப்பு வரை கேள்வி இல்லை. அதற்கு மேல் டவுன் பள்ளிக்கூடம், அங்கே பிறப்புச் சான்றிதழ் கேட்டார்கள். இரண்டு வருடம் வீட்டில் இருந்தேன். தம்பிக்குச் சோறு வடித்தேன், இறப்பர் கொட்டை பொறுக்கினேன், பழைய பாடப்புத்தகத்தை மனப்பாடம் செய்தேன். இன்னும் ஒரு வருடம் போனால் பால் வெட்ட அனுப்பியிருப்பார்கள்.

கடைசிக் காம்பராக்காரிக்கு ஒரே பெண். என்னைவிட ஒரு வயது இளையவள். அவளுக்குச் சான்றிதழ் இருந்தது, ஏனென்றால் அவள் டவுன் ஆஸ்பத்திரியில் பிறந்தவள். ஒரு மழைக் காலத்தில், தோட்டத்துப் பள்ளிக்கூடம் விட்டு வரும் வழியில், எங்கள் ஆற்றைத் தாண்டும் தாழ்வான சப்பாத்துப் பாலத்தில் கால் தவறி வெள்ளத்தோடு போய்விட்டாள். இரண்டு நாள் தேடினார்கள். உடம்பு கிடைக்கவில்லை. களு கங்கையில் போய்ச் சேர்ந்திருக்கும் என்றார்கள். உடம்பு இல்லாததால் மரணப் பதிவும் இல்லை. கருமாதியும் செய்யவில்லை, எதை வைத்துச் செய்வது என்று பூசாரி தயங்கினார். கடைசிக் காம்பராக்காரிக்குப் புருசன் ஏற்கெனவே இல்லை. தனியாகப் பால் வெட்டப் போனாள், தனியாக வந்தாள்.

ஒரு வருடம் கழித்து ஆயா அவளிடம் போய்ப் பேசினாள். என்ன பேசினாள் என்று எனக்குத் தெரியாது. என்னிடம் வந்து சொன்னது இதுதான்:

“அவ புள்ள ஆத்துல போகல. ஒதுங்கிப் பொழச்சு வந்துட்டா. அது நீதான். நாளைலருந்து அவ பேரைக் கூப்புட்டா திரும்பிப் பாக்கணும். வெளங்குச்சா?”

“எங்கம்மா?”

“ஒங்கம்மா எங்கயும் போகல. ஒரே லயம்தானே, நாலு காம்பரா தள்ளி. பேப்பர்லதான் அவ. பள்ளிக்கூடம் போறியா, கொட்ட பொறுக்குறியா?”

அம்மா என் பச்சைப் பாவாடையின் ஓரத்திலிருந்து ஒரு நூலை உருவி, வெற்றிலையில் மடித்துக் கடைசிக் காம்பராக்காரியிடம் கொடுத்தாள். இனித் தாய் அவள் என்பதால் நூலை அவள்தான் உள்ளே கொண்டுபோக வேண்டும். நான் வாசலில் உட்கார்ந்திருந்தேன். சாத்திய கதவுக்குப் பின்னால் ஏழு தடவை “பாத்தேன்” கேட்டது, ஒன்று சிங்களத்தில். வெளியே வந்தபோது கடைசிக் காம்பராக்காரி என் முகத்தைப் பார்க்கவில்லை. என் தலைக்கு மேலே, பாலத்துக்குப் போகும் பாதையைப் பார்த்தாள்.

பள்ளிக்கூடத்தில் சேர்க்கக் கடிதம் வாங்கப் போன கிராம சேவகர் கந்தோரில் அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “மே கவுத?” என்று கேட்டார். இது யார்? கடைசிக் காம்பராக்காரி என் தோளில் கை வைத்து, “மே மகே துவ” என்றாள். என் மகள். குரல் நடுங்கவில்லை. சிங்களத்தில் சொன்னதால் பொய் சொன்ன மாதிரித் தெரியவில்லை என்று திரும்பி வரும்போது சொன்னாள். அவள் கை தோளில் கனத்தது. எனக்கு அது பிடிக்கவில்லை, உள்ளதைச் சொல்கிறேன்.

எனக்கு ஒரு வயது குறைந்தது. பழைய பெயர் போனது. ஒரே வாரத்தில் லயமே என்னைப் புதுப் பெயரால் கூப்பிட்டது, ஒருவர்கூடத் தடுமாறவில்லை. அம்மாவுக்கு மட்டும் இரண்டு பெயரும் வாயில் வரவில்லை, “இந்தா” என்று கூப்பிடத் தொடங்கினாள், இன்றைக்கும் அப்படித்தான். டவுன் பள்ளிக்கூடம் போனேன். சாதாரண தரம், உயர்தரம் பாஸ் பண்ணினேன். ஆசிரியை நியமனம் கிடைத்தது, ஓப்பநாயக்கப் பக்கத்தில், நான் பிறந்தும் பிறக்காமலும் போன தோட்டத்துக்கு இரண்டு மைல் தள்ளி. கல்யாணம் ஆனது. மகன் பிறந்தான்.

கடைசிக் காம்பராக்காரி இதற்கெல்லாம் குறுக்கே வரவில்லை. நான் வயதுக்கு வந்தபோது ஒரு மஞ்சள் கயிறும் வளையலும் வாங்கிக் கொடுத்தாள். நான் பள்ளிக்கூடம் போகும்போது தினமும் வாசலில் நிற்பாள். நானும் என் பின்னல் ரிப்பனும் அவளைத் தாண்டிப் போவோம். அவள் பார்வை பாலத்துப் பக்கம் இருக்கும். ஒரு வருடமாவது அந்தப் பெண்ணுக்கு ஒரு விளக்கு வைத்ததில்லை. வைக்கவும் முடியாது. பிள்ளை உயிரோடு, வெள்ளைச் சீருடையில், எதிரே போய்க்கொண்டிருக்கிறதே! உயிரோடு இருக்கிற பிள்ளைக்கு யார் விளக்கு வைப்பார்கள்? இந்தக் கணக்கு எனக்கு அப்போது ஓடவில்லை. எரிச்சல்தான் வந்தது. இவள் ஏன் இப்படி நிற்கிறாள் என்று.

யுத்தம் முடிவதற்கு முந்தின வருடம் அவளுக்கு வயிற்றில் கட்டி வந்தது. பெரிய ஆஸ்பத்திரியில் பார்த்துவிட்டு வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஆயா ஆள் விட்டு என்னைக் கூப்பிட்டாள். போனேன். பாயில் படுத்திருந்தவள் என்னைக் கண்டதும் எழுந்து உட்கார முயன்றாள், டீச்சர் வந்திருக்கிறாள் என்று.

“ஒரு நூல உருவணும் புள்ள,” என்றாள். “எம் மக தண்ணிக்குள்ளயே நின்னுக்கிட்டு இருக்கா. ஒரு உருண்ட சோறு வைக்கல, ஒரு வெளக்கு வைக்கல. நான் போறதுக்குள்ள அவள வழியனுப்பிடுறேன். ஒரே ஒரு நாளைக்கு எம் புள்ளயச் சாகவுடுங்க.”

நான் ஆயாவைப் பார்த்தேன். ஆயா சுவரைப் பார்த்தபடி விதியைச் சொன்னாள். நூல் யாருக்காகப் போட்டதோ அவள் வாயால் சரி என்று சொல்ல வேண்டும். உருவினால் அந்த நூலில் வந்ததெல்லாம் அதோடு போகும்.

“ஒனக்கு ஒன்னும் ஆகாது,” என்று கடைசிக் காம்பராக்காரி என் கையைப் பிடித்தாள். “நெசமாத்தான் சொல்றேன் புள்ள. ஒனக்கு ஒரு கொறையும் வராது. எனக்குத் தெரியும்.”

நோயாளி சொல்லும் சமாதானம் என்று நினைத்தேன். அந்த வருடம் எங்கே பார்த்தாலும் சோதனைச் சாவடி. பஸ்ஸை நிறுத்தி இறக்குவார்கள். தமிழ்ப் பெயர் என்றால் இரண்டாம் தடவை பார்ப்பார்கள். அட்டை இருந்தால் வீடு வந்து சேரலாம். என்னிடம் இருந்த எல்லாவற்றுக்கும், வேலைக்கும் கல்யாணப் பதிவுக்கும் மகனின் சான்றிதழுக்கும், அடியில் இருந்தது அந்த ஒரு நூல். தறியை நம்பாதவள் என்று இத்தனை வருடம் சொல்லிக்கொண்டு திரிந்தேனே, அன்றைக்குப் பார்த்து முழுசாக நம்பினேன்.

“சண்டையெல்லாம் முடியட்டும்,” என்றேன். “அதுக்குப் பொறகு பாப்போம்.”

அவள் கையை எடுத்துக்கொண்டாள். “சரி புள்ள,” என்றாள். “டீ குடிச்சிட்டுப் போ.”

குடிக்கவில்லை, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பினேன். பஸ்ஸுக்கு இன்னும் அரை மணி இருந்தது. அதை இன்று நினைத்தாலும் எனக்கு என் மேல் வெறுப்பு வருகிறது. சண்டை முடிய இன்னும் மாதங்கள் இருக்கும்போதே அவள் போய்விட்டாள்.

சாவு வீட்டில் நெய்ப்பந்தம் பேரப்பிள்ளைகள் பிடிப்பது எங்கள் வழக்கம். ஆயா யாரையும் கேட்கவில்லை. நேரே வந்து என் மூன்று வயது மகன் கையில் பந்தத்தைக் கொடுத்துப் பிணத்தைச் சுற்ற வைத்தாள். தறி சொன்னபடி அவன்தானே பேரன். அவன் நெருப்பைப் பார்த்துச் சந்தோசப்பட்டுக்கொண்டு நடந்தான். கடைசிக் காம்பராக்காரி தன் பங்கை ஒன்றுகூட விடாமல் இத்தனை வருடம் செய்துவிட்டுப் போயிருக்கிறாள், நான் ஒரு சொல் தரவில்லை. அப்போதுதான் எனக்கு அழுகை வந்தது. எல்லோரும் மகள் அழுகிறாள் என்றார்கள்.

பதினாறாம் நாள் கருமாதி. அதற்கு முன்பே ஒரு போயா வந்தது. நண்பகலில் பிள்ளைக்காம்பராவுக்குப் போய்க் கதவைத் தட்டினேன். ஏழு பேரில் நாலு பேர்தான் மிச்சம்: ஆயா, நானா, காவல்காரர், இன்னொருவர்.

“சரி,” என்றேன். “உருவுங்க.”

“இப்ப எதுக்கு? கேட்டவதான் போயிட்டாளே,” என்றாள் ஆயா. கோபம் இருந்தது, அதை அவள் மறைக்கவும் இல்லை.

“தண்ணிக்குள்ள நிக்கிறவ இன்னும் போகல.”

ஆயா கதவைச் சாத்தினாள். பிறகு தறியை எடுத்துத் தொட்டிலுக்குக் கீழே வைத்தாள். உருவும் நாளில் பார்க்கக் கூடாது என்ற விதி இல்லை போலும்; நான் அதைப் பார்ப்பது அதுவே முதல் தடவை. உள்ளங்கை அகலத்துக்குத்தான் நெய்திருந்தது. சிவப்பு, ஊதா, சாயம் போன நீலம். அவரவர் துணி. நான் என் பச்சையைத் தேடினேன். பச்சையே இல்லை.

“இதுதான் ஒன்னோடது,” என்று ஆயா விரல் வைத்தது ஒரு மஞ்சள் நூலில்.

“இது எந்துணி இல்லயே.”

“அவ கொண்டாந்து குடுத்தத்தான் போட்டோம். வெத்தலைல மடிச்சு வச்சிருந்தா.”

மஞ்சள் சட்டை யாருடையது என்று எனக்குத் தெரியும், ஆற்றில் போனவளுடையது. தீபாவளிக்கு எடுத்தது. பள்ளிக்கூட விழாவுக்கும் அதைத்தான் போட்டு வருவாள், இடுப்பில் பெரிய முடிச்சு வைத்து. வாசலுக்கும் தறிக்கும் நடுவிலே எங்கேயோ அந்தத் தாய் நூலை மாற்றியிருக்கிறாள். ஆற்றில் போகவில்லை, பிழைத்து வந்துவிட்டாள் என்று ஏழு பேர் சொல்லப்போகிறார்கள், சொன்னால் நடக்கும். அதை ஏன் நாலு காம்பரா தள்ளி இருக்கிறவளின் பிள்ளைக்குக் கொடுக்க வேண்டும்? தன் பிள்ளையின் நூலைப் போட்டுவிட்டு வெளியே வந்து பாதையைப் பார்த்திருக்கிறாள். பதினான்கு வருடம் வாசலில் நின்றது என்னைப் பார்க்க அல்ல.

என் நூல் அந்தத் தறியில் என்றைக்குமே இல்லை. உருவினால் எனக்கு ஒன்றும் ஆகாது என்று அவள் சொன்னது உண்மை. ஏன் என்று சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை, தறியை ஏமாற்றியவள் ஆயிற்றே. நான் எனக்குச் சொந்தமில்லாத ஒரு நூலை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, அவளை வெறுங்கையோடு அனுப்பியிருக்கிறேன்.

இதை அந்த நாலு பேரிடம் சொன்னேன். நானா தொப்பியைக் கழற்றித் தலையைத் தடவிக்கொண்டார். ஆயா நூலின் நுனியை நகத்தால் கிளப்பி என் கையில் கொடுத்தாள். இழுத்தேன். சுலபமாக வந்துவிட்டது.

பதினாறாம் நாள் காலையில் ஆற்றங்கரையில் பூசாரி வாழையிலை விரித்து ஒரு பிண்டம் வைத்தார். கடைசிக் காம்பராக்காரியின் பெயரைச் சொன்னார். “இன்னொன்னு வையுங்க,” என்றேன்.

“யாருக்கும்மா?”

பெயரைச் சொன்னேன். அவருக்குப் புரியாமல் இல்லை. சுற்றி நின்ற லயத்து ஆட்கள் எல்லோரும் ஆற்றைப் பார்த்தார்கள், மாற்றிப் பேசி அவர்களுக்குப் பழக்கமில்லை. “நல்லா இருக்குற புள்ளயோட பேருக்கு எப்புடிம்மா வைக்கிறது?” என்று பூசாரி தயங்கினார்.

“வையுங்க சாமி. நான்தானே சொல்றேன்.”

இரண்டாவது உருண்டையைச் சின்னதாகப் பிடித்து வைத்தார். நான் மஞ்சள் நூலை அதன் மேல் சுற்றி, இலையோடு தண்ணீரில் விட்டேன். பாலத்துக்குக் கீழே ஒரு சுழி சுழன்று நேராகப் போனது. பின்னால் ஆயாவின் குரல் கேட்டது, “பாத்தேன்.” நானா சொன்னார். நாலாவது ஆள் சொன்னார். கடைசியாகக் காவல்காரர், “மம தெக்கா.”

மறுநாள் பள்ளிக்கூடம் போகும் வழியில் பஸ்ஸை நிறுத்தினார்கள். இறங்கி வரிசையில் நின்றேன். அட்டையை வாங்கிப் பார்த்த பையனுக்கு இருபது வயதுகூட இருக்காது. “நம மொகத்த?” என்று கேட்டான், பெயர் என்ன என்று. முந்தின நாள்தான் அந்தப் பெயருக்குச் சோறு வைத்து அனுப்பியிருந்தேன். அதே பெயரைத்தான் சொன்னேன். அவன் அட்டையைத் திருப்பித் தந்துவிட்டு அடுத்த ஆளைப் பார்த்தான்.